நிலைக்காலில் ஒட்டிய மாவு

அனுமதியில்லாமல் கட்டியதாம், புல்டோசர் மாப்பிள்ளை வீட்டின் பின்சுவரை இடித்துக்கொண்டிருக்கிறது. முன்வாசலில் கல்யாண ஊர்வலம் நிற்கிறது. மாப்பிள்ளையைக் கைவிலங்கோடு ராணுவ ஜீப்பில் ஏற்றியாகிவிட்டது. மணப்பெண் ஸுஹைலா கையில் பிசைந்த மாவும் ஓர் இலையும் இருக்கின்றன. அதை நிலைக்காலில் அப்பிவிட்டுத்தான் அவள் உள்ளே போக வேண்டும்; ஒட்டினால் குடித்தனம் நிலைக்கும். மாமியார் நஜீபா பாட்டெடுக்க வாய் திறக்கிறாள். அதற்குள் ஊராட்சித் தலைவர் ஒலிபெருக்கியோடு முந்திக்கொள்கிறார். "சரித்திரம் நம்மைப் பார்த்துக்கொண்டிருக்கிறது..."

"பாக்கட்டும். நீ நகரு, பொண்ணுக்கு வழி விடு" என்கிறாள் நஜீபா.

பெண்கள் சிரித்துக்கொண்டே கைதட்டி, நஜீபா எடுத்த பாட்டின் அடியைப் பிடிக்கிறார்கள். கண்ணீர்ப்புகைக் குண்டொன்று காலடியில் வெடிக்கிறது. சரித்திரத்தைப் போட்டுவிட்டுத் தலைவர் ஆலிவ் மரத்துக்குப் பின்னால் ஓடுகிறார். சிப்பாய் ஒருவன் துப்பாக்கிக் கட்டையால் நஜீபாவின் வாயில் இடிக்கிறான். பாதி அடி ரத்தமாகப் பூத்தையல் போட்ட அங்கியின் மார்பில் வழிகிறது. மீதியைப் பின்னால் நிற்பவர்கள் பாடி முடிக்கிறார்கள். நஜீபா ஒரு பல்லைத் துப்புகிறாள்.

"ஒட்டும்மா."

"வீடே போகுதே, மாமி."

"நிலை நிக்குதுல்ல?"

ஸுஹைலா கன்னத்தில் அறைவதுபோல் ஓங்கி அப்புகிறாள். கூரை சரிகிறது. புழுதி அடங்கும்போது நிலை மட்டும் தனியாக நிற்கிறது, மாவும் இலையுமாக. புல்டோசர் அதை நோக்கித் திரும்புகிறது. பெண்கள் குலவையிடுகிறார்கள். ஸுஹைலா வலது காலை எடுத்து வைத்து உள்ளே போகிறாள்.