சிரிக்காமல் நட!

“சிரிக்காதீங்க சியாவஷ்! தனிமை! உங்க மூஞ்சியில தனிமை தெரியணும்!”

வாக்கி டாக்கியில் கத்தினாள் மஹீன். அவளுடைய குறும்படத்தில் வசனம் கிடையாது, இசை கிடையாது, ஒரே ஒரு காட்சிதான். ஈரானின் கவீர் பாலைவனத்தில் ஒரு மனிதன் தன்னந்தனியாக நடந்து வருகிறான். அவ்வளவே.

நடிக்க வேண்டியவருக்குக் காலையில் காய்ச்சல். அதனால் ஒளிப்பதிவாளர் மன்சூர் தன் சித்தப்பா மகன் சியாவஷை அழைத்து வந்திருந்தான்.

மணல்மேட்டில் சியாவஷ் சில அடிகள் நடந்தான். சட்டென்று நின்றான். திரும்பி, வந்த வழியே நடக்க ஆரம்பித்தான்.

“அங்க ஏன் திரும்புறீங்க? நேரா வாங்கன்னுதானே சொன்னேன்!”

“மன்னிச்சுக்குங்க மஹீன் கானும். கால் தானாத் திரும்பிடுது.”

“கட்!” மஹீன் தலையில் கைவைத்து உட்கார்ந்தாள். “மன்சூர், உனக்கு வேற ஆளே கிடைக்கலையா? மேடு பூராவும் காலடித் தடம். சுத்தமான மணல் இன்னும் அந்த ஒரு மேட்டுலதான் இருக்கு. வெயிலும் இறங்குது.”

“இன்னொரு தடவை பார்க்கலாம். ரொம்ப நாள் ஊர்லயே இல்ல, நேத்துதான் வந்தான்.”

“எங்க போயிருந்தார், சர்க்கஸுக்கா?”

மன்சூர் கேமராவைத் தூக்கிக்கொண்டு அடுத்த மேட்டுக்கு நகர்ந்தான்.

இந்த முறை சியாவஷ் திரும்பவில்லை. தயங்கித் தயங்கி வந்தவன், மேட்டின் உச்சியில் கைகளை அகல விரித்தான். தொடுவானத்தை ஒரு கோடியிலிருந்து மறுகோடிவரை பார்த்தான். மறுபடியும் சிரித்தான். கன்னத்தில் கண்ணீர் வழிந்தது. ‘கட்’ சொல்ல வாயெடுத்த மஹீன் அப்படியே நின்றுவிட்டாள்.

எடுத்ததைத் திரையில் போட்டுப் பார்த்தபோதுதான் அவளுக்கு மூச்சு சீராக வந்தது.

“வந்துடுச்சு மன்சூர்! நான் நினைச்சது இது இல்ல. ஆனா படம் இதுதான்!”

பிளாஸ்க்கிலிருந்து தேநீர் ஊற்றி சியாவஷிடம் நீட்டினாள்.

“திட்டினதுக்குக் கோவிச்சுக்காதீங்க. ஆனா ஒண்ணு, தனிமைன்னா என்னன்னே உங்களுக்குத் தெரியல.”

“தெரியும் கானும்.” சர்க்கரைக் கட்டியைப் பல்லிடுக்கில் வைத்துக்கொண்டே சொன்னான் சியாவஷ். “ஜெயில்ல ரெண்டு வருஷம் தனிக் கொட்டடி, நேத்துதான் விட்டாங்க. இங்க எந்தப் பக்கம் பார்த்தாலும் சுவரே இல்லையே, நான் எப்படிச் சிரிக்காம நடக்குறது?”