பெட்டியில் வந்த புழுக்கள்

"ஏலே முத்துக்கருப்பா! அந்தப் புழுவுல ஒண்ணு என் தோட்டத்துக்குள்ள வரட்டும், ஒன் ஆட்டைப் பூராம் கசாப்புக் கடைக்கு அனுப்பிருவேன்!"

திராட்சைப் பந்தலடியில் நின்று இருளம்மாள் போட்ட சத்தம் பக்கத்து ஊர் கோம்பை வரைக்கும் கேட்டிருக்கும்.

முத்துக்கருப்பன் என்ன செய்வான், பாவம்? மலையாளத்துக்காரர்கள் 'கம்யூனிஸ்ட் பச்சை' என்று பேர் வைத்த களை, மேய்ச்சல் நிலத்தையே மூடிவிட்டது. ஆடுகள் மோந்து பார்த்துவிட்டு முகத்தைத் திருப்பிக்கொள்ளும். ஆபீஸ் ஆபீஸாக அலைந்து, அந்தக் களையைத் தின்னும் அந்துப்பூச்சிப் புழுக்களை ஒரு பெட்டி நிறைய வரவழைத்திருந்தான். காலையிலிருந்து அவனுக்குச் சந்தோஷத்தில் தலைகால் புரியவில்லை.

"மதினி, இது அந்தச் செடிய மட்டுந்தான் திங்கும்!"

"புழுவுக்குத் திராட்சை இலை கசக்குமாக்கும்? ஒரு சொட்டு மருந்து அடிக்காத தோட்டம் என்னுது. புழு ஏறுனா நான் என்ன செய்வேன்? கேளுங்க பாய்!"

வேனோடு பழம் எடுக்க வந்திருந்த கம்பம் வியாபாரி கலீல் ரஹ்மான், ஒரு கொத்தைப் பிய்த்து வாயில் போட்டுக்கொண்டே தலையாட்டினார்.

"ஆமாமா. மருந்து படாத பழம்னு சொல்லித்தான கேரளாவுல விக்கிறேன்."

பெட்டியோடு வந்த அதிகாரி விஜயகுமார் பின்வாங்கினார். "எதிர்ப்பு இருந்தா விட முடியாதுங்க. வேற ஊருக்குக் கொண்டுபோயிர்றேன்."

முத்துக்கருப்பன் அவருக்குக் குறுக்கே போய் நின்றான்.

"சார், சார்! மதினி கொடியிலயே நாலு புழுவ விடுங்க. இலையக் கடிச்சா பெட்டியத் தூக்கிட்டுப் போயிருங்க."

"விடுங்க, பாப்போம்!" சண்டை வேகத்தில் இருளம்மாளே பந்தலிலிருந்து ஒரு கொடியை வளைத்துக் கொடுத்தாள்.

நாலு புழுவும் இலையில் ஊர்ந்தன. ஒன்றுகூட வாய் வைக்கவில்லை.

"பாத்தீகளா! பாத்தீகளா!" முத்துக்கருப்பன் துண்டைச் சுழற்றி ஒரு ஆட்டமே போட்டான். சந்தோஷத்தில் விஜயகுமாரையும் பிடித்து ஒரு சுற்று சுற்றிவிட்டான்.

விடுபட்டு வந்து பார்த்தால், புழுக்கள் நெளிந்தன. சுருண்டன. ஒவ்வொன்றாகக் கீழே விழுந்தன.

விஜயகுமார் இலையை மோந்து பார்த்தார்.

"ஏம்மா, மருந்து அடிச்சது நேத்தா, முந்தாநேத்தா?"

இருளம்மாள் கொடியைப் படக்கென்று விட்டாள். குரல் தேனாய் இனித்தது.

"வெரசா அங்கன கொண்டுபோயி விடுங்க சார். எங்க கொழுந்தன் ஆடெல்லாம் பட்டினி கெடக்குதுல்ல?"

கலீல் ரஹ்மான் வாயிலிருந்த திராட்சையை அவசரமாகத் துப்பினார்.