மங்கலாக ஓர் ஆர்டர்

"இன்னும் கொஞ்சம் மங்கலா அடிங்க அண்ணாச்சி. தெளிவா இருந்தா ஒரு பய வாங்க மாட்டான்."

முப்பது வருஷமாகச் சிவகாசியில் பிரஸ் நடத்தும் ஜெயச்சந்திரன் இப்படி ஓர் ஆர்டரைக் கண்டதில்லை. வந்திருந்த லட்சுமிகாந்தம் கேட்டது, நீலப்பட சி.டி.க்கு மேலட்டை. காலண்டர் சீசன் முடிந்து மெஷின் சும்மா கிடந்ததால், வேண்டாமென்று சொல்ல அவருக்கு வாய் வரவில்லை.

வேலையாட்களை டீ குடிக்க அனுப்பிவிட்டு ஷட்டரைப் பாதி இறக்கினார். சுவரில் தினசரிக் காலண்டரில் அவருடைய அப்பா மீசையோடு முறைத்துக்கொண்டிருந்தார். காலமான அப்பாவின் படம் போட்டு வருஷாவருஷம் இரண்டே காலண்டர் அடிப்பார். ஒன்று பிரஸ்ஸுக்கு, ஒன்று காரியாபட்டியில் வாழ்க்கைப்பட்ட மகள் ஸ்ரீமதிக்கு.

அப்பா முகத்தில் விழிக்கக் கூசியது. காலண்டரைச் சுவர்ப்பக்கமாகத் திருப்பி மாட்டினார்.

அட்டையில் பாதி திறந்த கதவும் ஒரு கட்டில் காலும்தான் தெரிந்தன. அதற்கே அவருக்குக் காது சுட்டது.

"இதுல என்னய்யா கிடைக்குது?"

"அம்புட்டும் லாபம் அண்ணாச்சி. நடிக்க வர்ற ரெண்டு பேருக்குச் சம்பளம், ஒரு சின்ன கேமரா. செட்டு, லைட்டு ஒண்ணும் கிடையாது. எவன் வீட்டுலயோ ஒளிஞ்சு எடுத்தாப்புல இருக்கணும், அதுக்குத்தான் அலையுறானுக. அதனால குடும்பம் இருக்கிற வீடாப் பாத்துப் பிடிப்போம்."

"குடும்பம் இருக்கிற வீட்டை எவன் குடுப்பான்?"

"இந்த வீட்டுக்காரர் குடுத்தாரே, ஒரு நாளைக்கு நாலாயிரம். அம்மன் கோயில் பங்குனிப் பொங்கலுக்குப் பொண்டாட்டி பிறந்த வீட்டுக்குப் போயிருந்த சமயம்."

ஜெயச்சந்திரனுக்குப் பொறுக்கவில்லை. "பொண்டாட்டி புழங்குற வீட்டை இதுக்கு விட்டவனெல்லாம் ஒரு மனுசனா? அந்தப் பிள்ளையைப் பெத்தவனுக்குத் தெரிஞ்சா ஊருக்குள்ள தலை காட்ட முடியுமா?"

சொன்ன பிறகுதான் தான் நிற்கிற இடம் உறைத்தது. அதற்கு அட்டை அடிக்கிறவன் மட்டும் என்ன ஒழுங்கு? வெட்கத்தில் தலை தானாகக் குனிந்தது.

"என்னைக்கு வந்து எடுத்துக்கிடட்டும் அண்ணாச்சி?"

"வெள்ளிக்கிழமை வா" என்றார், நிமிராமல்.

"வெள்ளிக்கிழமை என்ன தேதி?" என்றபடி லட்சுமிகாந்தம் காலண்டரைத் திருப்பினான். தேதியைப் பார்க்காமல் மீசையையே பார்த்துக்கொண்டு நின்றான்.

"அந்த வீட்டுச் சுவத்துலயும் இதே பெரியவர் காலண்டர்தான் அண்ணாச்சி."