பள்ளத்தில் விழும் பாடகர்

கதிரேசன் பாடும் இசைக்குழுவை வைத்து ரசிகர் ஒருவர் பழைய பாணியில் ஒரு வீடியோ கேம் செய்திருந்தார். கச்சேரிப் பக்கமே வராத மனைவி நிவேதிதா, சிங்கப்பூர் புக்கிட் பாத்தோக் வீட்டில் தினமும் அதை விளையாடுவதைப் பார்த்துக் கதிரேசனுக்கு உள்ளம் குளிர்ந்துபோனது.

ஒரே குறை, அவள் விளையாடும்போது திரையில் ஓடும் குட்டிக் கதிரேசன் முதல் கட்டத்திலேயே பள்ளத்தில் விழுந்துகொண்டிருந்தார்.

"பள்ளம் வர்றப்போ இந்த பட்டனை அமுக்கு லா," என்று பொறுமையாகச் சொல்லிக்கொடுத்தார்.

"தெரியும்ங்க. பன்னிரண்டு லெவலும் போன வாரமே முடிச்சிட்டேன்."

"அப்புறம் ஏன் விழறேன்?"

"பாத்திரம் கழுவறேன்னு சொல்லிட்டு ஃபேரர் பார்க்குக்கு ரிகர்சல் போயிடறீங்கள்ல, அன்னிக்கெல்லாம் பத்துத் தடவை விழ விடுவேன். மனசு லேசாயிடும்."

அன்று அது எட்டாவது தடவை. கதிரேசன் எழுந்து சமையலறைக்குப் போனார்.