நகர்ந்தேனா, இல்லையா?

வெள்ளிக் கிரகத்துக்கு வெகுகாலமாக ஒரே குழப்பம். தன் மேலோடு அசையாத ஒரே மூடியா, துண்டு துண்டாக நகர்கிறதா என்று அதற்கே தெரியவில்லை. கடைசியில் பக்கத்தில் வந்த பூமியிடம் கேட்டுவிட்டது.

"அக்கா, உன் ஓடு பல துண்டா நகருதாமே, அது உனக்கு எப்படித் தெரியுது?"

"எனக்கென்னடி தெரியும்? நான் பாட்டுக்குக் கிடக்கேன். திடீர்னு என் மேலே இருக்கிற ஜனங்க குழந்தைகளைத் தூக்கிக்கிட்டுத் தெருவுக்கு ஓடி வருவாங்க. சரி, நகர்ந்துட்டோம்போலன்னு நினைச்சுக்குவேன்."

அன்றிலிருந்து வெள்ளியின் அடிவயிற்றில் ஏதாவது உருண்டு, எங்கோ ஒரு மலை சரிந்தால், உடனே தன் மேற்பரப்பை உற்றுப் பார்க்கும். அங்கே தெருவும் இல்லை, ஓட ஆளும் இல்லை.

"அப்ப நான் நகரலை" என்று கண்ணை மூடிக்கொள்ளும். ஆனால் சரிந்தது யாருடைய மலை என்று யோசித்துத் தூக்கமே வராது.