அடுத்த ரயிலில் வருகிறவன்

செலின் அவனிடமிருந்து பிடுங்கிய போனை விடவில்லை. அடுத்த மின்சார ரயிலுக்கு எட்டு நிமிடம். அதில் அவன் வந்து இறங்குவான்.

முந்தின ஸ்டேஷனில், லேடீஸ் பெட்டியின் ஜன்னலோரம் குழந்தைக்குப் பால் கொடுத்துக்கொண்டிருந்த பெண்ணை, அவன் பிளாட்பாரத்தில் நின்று வீடியோ எடுத்தான். வண்டி நகர்ந்த நொடியில் செலின் கம்பி வழியே கையை நீட்டிப் பிடுங்கிவிட்டாள். "வெளிய தூக்கிப் போடு பாப்பா, வேலைக்குப் போற நேரத்துல வம்பு எதுக்கு" என்றார்கள் பெட்டியில் இருந்தவர்கள். போடாமல், இந்தச் சின்ன ஸ்டேஷனில் அவள் மட்டும் இறங்கி, கவுண்டரில் நடந்ததைச் சொல்லி ரயில்வே போலீஸைக் கூப்பிடச் சொன்னாள்.

"ஸ்கூல் யூனிஃபார்ம் போட்டுக்கிட்டே திருட்டா? குடும்மா இங்க" என்று டிக்கெட் கவுண்டர்காரர் கை நீட்டினார்.

"திருடல சார், பிடுங்கினேன். ரயில்வே போலீஸ் வரட்டும். அவங்க கையிலதான் குடுப்பேன்."

"அவன் வந்து கேட்டா என்ன பண்ணுவ?"

"கேக்கட்டும். எல்லார் முன்னாடியும் கேக்கட்டும்."

அப்போது அவனுடைய போன் அடித்தது. திரையில் 'அம்மா' என்று இருந்தது. நாலு வார்த்தை நறுக்கென்று கேட்டுவிடத்தான் எடுத்தாள்.

"ராசா, ஒண்ணும் சாப்பிடாமலே கெளம்பிட்டியேப்பா. கேன்டீன்லயாவது சாப்டியா?"

கேட்க நினைத்ததைச் செலின் கேட்கவில்லை. "இந்த போன் இப்ப என்கிட்ட இருக்கு" என்று மட்டும் சொன்னாள். தூரத்தில் ரயிலின் ஹாரன் கேட்டது.

"நீ யாரும்மா? எம்புள்ளைக்கு என்னாச்சு?"

"அவருக்கு ஒண்ணும் ஆகலம்மா, இப்ப வர்ற ரயில்ல வந்துடுவாரு" என்ற செலின், போனை மட்டும் கையை விட்டு விடவில்லை.