கோபுரத்தடியில் ஒரு பரீட்சை

கீழ்பென்னாத்தூர் டீச்சர் சந்திரகலாவைப் பெண் பார்க்க மாப்பிள்ளை வீட்டார் கோயிலின் கிளி கோபுரத்தடிக்கு வந்திருந்தார்கள்.

"கல்யாணமானா வேலையை விட்றணும்," என்றார் மாப்பிள்ளையின் அப்பா. "ஆனா வீட்டுக்கு வர்ற மருமகளுக்கு இங்கிலீஷ் தெரிஞ்சிருக்கணும். 'ஸ்பர்ன்'னா என்னம்மா அர்த்தம்?"

வேலை வேண்டாமாம், இங்கிலீஷ் மட்டும் வேணுமாம். சந்திரகலா தலை நிமிர்ந்து அவரைப் பார்த்தாள்.

"தெரியாதுங்க."

"இதுகூடத் தெரியலையா? எங்களுக்குச் சரிப்படாது." எழுந்து போய்விட்டார்கள்.

சந்திரகலாவின் அப்பா தருமனுக்கு முகம் சுண்டிப்போயிற்று. "நெசமாவே தெரியாதாம்மா?"

"தெரியும்ப்பா. துச்சமா நெனைச்சு ஒதுக்கித் தள்றது. அதைத்தான் இப்ப செஞ்சேன்." புடவையை உதறிக்கொண்டு எழுந்தாள். "எட்டி உதைக்கிறதுன்னு பழைய அர்த்தம் ஒண்ணும் இருக்கு. கோயிலாச்சேன்னு அதை விட்டுட்டேன்."